இரண்டு முறை விழுந்தவன்

பிப்ரவரி 9

சுண்டுவுக்கு,

அக்கா எழுதுகிறேன். ஆறு வருஷம் கழித்து வரும் கடிதம் நலமா என்று கேட்டுத் தொடங்கினால் நீ மேலே படிக்கமாட்டாய். அதனால் நேராக விஷயத்துக்கு வருகிறேன். நம் தம்பிக்கு உடம்பு சரியில்லை. இன்றைக்கு நாளைக்கு என்று பயப்படும்படி இல்லை, ஆனால் நிறைய நாளும் இல்லை.

வாலு இப்போது லாரி எடைமேடையில் வேலை பார்க்கிறான். இருபத்தாறு வயசு ஆனவனை இன்னும் வாலு என்று கூப்பிடுவது அவனுக்குப் பிடிக்கவில்லை, ஆனால் வேறு எப்படிக் கூப்பிடுவதென்று எனக்கும் தெரியவில்லை. லாரி மேடையில் ஏறி நின்றதும் எடை பார்த்துச் சீட்டு எழுதிக் கொடுக்க வேண்டும். போன மாதம் ஒரு நாள் சீட்டின் மேல் பேனாவை வைத்தவன் அப்படியே நின்றுவிட்டான். கண் திறந்திருக்கிறது, மூச்சு வருகிறது, ஆள் மட்டும் இல்லை. பின்னால் வரிசையில் நின்றவர்கள் ஹாரன் அடித்துப் பார்த்துவிட்டு இறங்கி வந்து உலுக்கியிருக்கிறார்கள். நான்கு நிமிடம் கழித்து, விட்ட எழுத்திலிருந்து எழுத ஆரம்பித்தானாம். அன்றிலிருந்து தினமும் காலை பதினொன்று பத்துக்கு நிற்கிறான். நான்கு நிமிடம் பத்தானது. நேற்று இருபத்திரண்டு. தூங்குகிறான் என்று திட்டிக்கொண்டிருந்த மேனேஜர் இப்போது பயந்துபோய் லீவு கொடுத்துவிட்டார்.

நின்றுபோகும்போது ஒரு கால் மட்டும் விறைத்துக்கொள்வதைப் பார்த்து டாக்டர் அந்தக் காலை எக்ஸ்ரே எடுத்தார். சின்ன வயசில் மாடியிலிருந்து விழுந்த அதே கால். எலும்பில் இரண்டு முறிவு இருக்கிறது, இரண்டும் ஒரே நாளில் பட்டவை, ஆனால் ஒரே விழுதலில் பட்டவை அல்ல என்றார். ஒரே நாளில் இரண்டு தடவை விழுந்தானா என்று கேட்டார். நான் இல்லை என்றேன். வாலு ஆமாம் என்றான்.

அங்கிருந்து எங்களை நாள் பொருத்தும் நிலையத்துக்கு அனுப்பினார்கள். நீயும் கேள்விப்பட்டிருப்பாய், யார் வீட்டுக்கோ வருவது என்றுதான் நானும் நினைத்திருந்தேன். அங்கே இருக்கும் அலுவலர் அம்மா பொறுமையாக விளக்கினார். சில வீடுகளில் ஒரு நாள் எலும்பு மாதிரி முறிந்துவிடுமாம். ஒருவர் ஒரு துண்டைத் தன்னுடைய பழைய நாள் என்று வைத்துக்கொள்வார், இன்னொருவர் மறு துண்டை. அதைப் பற்றிப் பேசிக்கொள்ளாதவரை யாருக்கும் தெரியாது. நடுவில் இருப்பவர் மட்டும் இரண்டையும் சுமப்பார். நம் வீட்டில் முறிந்தது வாலு விழுந்த நாள். ஆஸ்பத்திரியின் பழைய பதிவேட்டைக் காட்டினார்கள். அந்தத் தேதியில் அவன் பெயர் இரண்டு முறை இருக்கிறது, விழுந்த நேரம் இரண்டிலும் பதினொன்று பத்து. ஒன்றில் கொண்டுவந்தவர் என்ற இடத்தில் உன் கையெழுத்து, மற்றதில் என்னுடையது.

பொருத்தும் முறை இதுதான். அந்த நாளை நாம் இருவரும் நினைவில் இருக்கிறபடி கையால் எழுதி மாற்றிக்கொள்ள வேண்டும். முடியும்வரை நேரில் பார்க்கக் கூடாது, போனில் பேசக் கூடாது. கடைசியில் ஒருத்தி தன் நாளை விட்டுக்கொடுத்துக் கையெழுத்துப் போட வேண்டும். பிறகு அவளுக்கும் மற்றவளுடைய நாள்தான் நினைவில் இருக்கும், அவளுடையது நடக்காததாகிவிடும். கடிதங்கள் நிலையம் வழியாகத்தான் போகும். மன்னிப்பு என்ற சொல் இருந்தால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். அந்தச் சொல் நாளை வளைத்துவிடுமாம், வளைந்தது பொருந்தாதாம். விதியைச் சொல்லும் இந்தக் கடிதத்துக்கு மட்டும் விலக்கு.

நிற்கும் நேரம் ஒரு மணியைத் தொட்டால் அவன் திரும்பி வருவான் என்று சொல்ல முடியாது என்கிறார்கள். என் மேல் உனக்கு என்ன கோபம் இருந்தாலும் அது அப்படியே இருக்கட்டும். அவனுக்காக எழுது. அன்று காலை அம்மா வேலைக்குக் கிளம்பத் தொடங்கும் வரை நம் இருவருக்கும் ஒன்றுதானாம். அதிலிருந்து எழுது.

அக்கா


பிப்ரவரி 14

அக்கா,

இது இரண்டாவது தடவை எழுதுவது. முதல் கடிதத்தைச் சிவப்புக் கோடு போட்டுத் திருப்பிவிட்டார்கள். அந்தச் சொல் ஐந்து இடத்தில் இருந்ததாம். பதினேழு வருஷமாக வாயில் வராத சொல், கூடாது என்றதும் முண்டியடித்துக்கொண்டு வந்திருக்கிறது.

உன் மேல் எனக்குக் கோபம் என்று யார் சொன்னார்கள்? அம்மா இறந்த மறுநாள் வாசலில் நின்றுகொண்டு, "உனக்கென்ன, நீ போயிடுவ" என்று நீதான் சொன்னாய். உனக்கு எல்லாம் தெரிந்துவிட்டது என்று நினைத்தேன். அன்று சாயங்காலமே பஸ் ஏறினேன். தெரிந்தவள் முகத்தில் எப்படி விழிப்பது?

சரி, அந்த நாள். பள்ளிக்கூடம் லீவு. எனக்குப் பதிமூன்று வயசு, உனக்குப் பதினாறு, அவனுக்கு ஒன்பது. முந்தின நாள் அம்மா உனக்குப் புதுக் குடை வாங்கினாள். உன் பழைய குடை எனக்கு வந்தது. ஒரு கம்பி வளைந்த குடை. இதைப் படிக்கும்போது உனக்குச் சிரிப்பு வரலாம். அன்று எனக்கு உலகமே அநியாயமாக இருந்தது.

அம்மா செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னாள்: "சுண்டு, மாடிக் கதவைத் தாழ்ப்பாள் போட்டுடு. இவன் ஏறிடுவான்." நீ குளித்துக்கொண்டிருந்தாய். தாழ்ப்பாள் உயரத்தில் இருக்கும், ஸ்டூல் போட்டுத்தான் ஏற வேண்டும், உனக்கு ஞாபகம் இருக்கும். நான் மறக்கவில்லை அக்கா. நன்றாகக் கேட்டது. புதுக் குடைக்காரியைச் சொல்லட்டும் என்று வேண்டுமென்றே உட்கார்ந்திருந்தேன். அவன் படியேறிப் போவதையும் பார்த்தேன். போகட்டும், அம்மாவுக்குத் தெரியட்டும் என்று நினைத்தேன்.

அவன் வாசல் பக்கம் விழுந்தான். நீ ஈரத் தலையோடு ஓடி வந்து அவனைத் தூக்கினாய். நான் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றேன். காற்றில் கதவு திறந்துகொண்டது என்று உன்னிடமும் அம்மாவிடமும் சொன்னேன். இருவரும் நம்பினீர்கள்.

நான் கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கிறேன். பவர் சரியாக வந்திருக்கிறதா என்று ஒவ்வொன்றையும் மூன்று முறை பார்ப்பேன். அறையைப் பூட்டிவிட்டுத் தெருமுனை வரை போய்த் திரும்பி வந்து இழுத்துப் பார்ப்பேன். கடையில் எனக்குப் பூட்டு என்று பெயர். காரணம் கேட்டால் சிரித்து மழுப்பிவிடுவேன்.

இவ்வளவுதான் என் நாள். அவன் எத்தனை நிமிடம் நிற்கிறான் என்று எழுது.

சுண்டு


பிப்ரவரி 18

சுண்டு,

இருபத்தொன்பது நிமிடம்.

உன் கடிதத்தை வேலை செய்யும் இடத்தில் வைத்துப் படித்தேன். ஆஸ்பத்திரி சலவைக் கூடத்தில் படுக்கை விரிப்பு மடிக்கிற மேசை இருக்கிறதே, அதிலேயே உட்கார்ந்துவிட்டேன். கூட வேலை பார்க்கிறவள் யாருக்கு என்ன ஆச்சு என்று கேட்டாள். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை என்றேன்.

அம்மா சொன்னது என்னிடம். அதே செருப்பு, அதே வாசல். ஆனால் என் நாளில் நீ வீட்டில் இல்லை, பென்சில் வாங்கக் கடைக்குப் போயிருந்தாய். "பெரியவளே, மாடிக் கதவைப் பார்த்துக்கோ" என்றாள். நான் குப்புறப் படுத்துத் தொடர்கதை படித்துக்கொண்டிருந்தேன். இரண்டு பக்கம்தான் பாக்கி, முடித்துவிட்டுப் போகலாம் என்று நினைத்தேன். கதை முடிவதற்குள் கொல்லைப் பக்கம் சத்தம் கேட்டது. துணி துவைக்கும் சிமெண்டுத் தொட்டியின் விளிம்பில் விழுந்திருந்தான். நான் கையில் புத்தகத்தோடு கொல்லைக் கதவிலேயே நின்றுவிட்டேன். கடையிலிருந்து வந்த நீதான் பதிமூன்று வயசில் அவனைத் தூக்கிக்கொண்டு தெருவில் ஓடினாய். காற்றில் திறந்துகொண்டது என்று நானும் அதே பொய்யைத்தான் சொன்னேன். ஒரே வீட்டில் வளர்ந்தவர்களுக்குப் பொய்கூட ஒன்றாகத்தான் வருகிறது.

அந்தக் கதையின் கடைசிப் பக்கத்தை நான் இன்றுவரை படிக்கவில்லை.

வாசலில் நான் சொன்னதற்கு அர்த்தமும் இதுதான். நீ போகலாம், உன் மேல் தப்பு இல்லை, நான் போக முடியாது என்று சொன்னேன். அது உனக்கு வேறு மாதிரி விழும் என்று எனக்கு எப்படித் தெரியும்?

இனி யோசிக்க ஒன்றும் இல்லை. நான் செய்தது சோம்பல். நீ எழுதியிருப்பது வீம்பு. இரண்டில் ஒன்று இருந்துதான் ஆக வேண்டும் என்றால் என்னுடையது இருக்கட்டும். நீ உன் நாளை விட்டுக்கொடுத்துக் கையெழுத்துப் போட்டுவிடு. அதன் பிறகு நீ கடைக்குப் போயிருந்த பெண், தம்பியைத் தூக்கிக்கொண்டு ஓடிய பெண். பூட்டை மூன்று முறை இழுத்துப் பார்க்க வேண்டியதில்லை. உன் ஊரிலும் நிலையத்தின் கிளை இருக்கிறதாம், தாமதிக்காமல் போ.

அக்கா


பிப்ரவரி 22

அக்கா,

போனேன். நாற்காலியில் உட்கார்ந்தேன். பேனாவையும் கையில் கொடுத்தார்கள். எழுந்து வந்துவிட்டேன்.

நீ எப்போதும் இப்படித்தான். வீட்டில் எந்தப் பாத்திரம் கனமோ அதை நீதான் தூக்குவாய், பிறகு யாரும் ஒரு வார்த்தை பேச முடியாது. இதையும் தூக்கிக்கொள்கிறேன் என்கிறாய். என்னைக் கேட்டாயா? வீம்பு என்று எழுதினாயே, உண்மைதான். ஆனால் அது என்னுடையது. அந்த நாளை வைத்துக்கொண்டுதான் நான் இந்த ஊருக்கு வந்தேன், வேலை கற்றுக்கொண்டேன், ஆளானேன். அதை எடுத்துவிட்டால் மிச்சம் இருப்பவள் யார் என்று எனக்குத் தெரியாது. முதலில் இந்தக் கோபத்தில்தான் எழுந்து வந்தேன், அதை மறைக்கவில்லை.

பஸ்ஸில் திரும்பும்போதுதான் இன்னொன்று உறைத்தது. நாம் இரண்டு பேரும் கதவைப் பற்றியே எழுதிக்கொண்டிருக்கிறோம். அவன் எங்கே விழுந்தான் என்பதை ஒருத்தியாவது யோசித்தோமா? உன் நாளில் அவன் விழுந்தது சிமெண்டுத் தொட்டியின் மேல். என் நாளில் மணல்மேல். பக்கத்து வீட்டில் கட்டட வேலை நடந்தது, நம் வாசலைப் பாதி மறைக்கும்படி மணல் கொட்டியிருந்தார்கள், அம்மா தினமும் அதற்காகச் சண்டை போட்டாள். உன் நாளில் அந்த மணல் இருந்ததா? இருந்திருக்கும். அவன் அந்தப் பக்கம் விழவில்லை, அவ்வளவுதான்.

என் நாளில் அவன் நாற்பது நாளில் கட்டைப் பிரித்துக்கொண்டு எழுந்து நடந்தான். உன் நாளில் எத்தனை நாள் படுத்திருந்தான்? எழுது. நிலையத்தில் இதையெல்லாம் நமக்குச் சொல்லமாட்டார்கள், நாமேதான் கேட்டுக்கொள்ள வேண்டும் என்பது விதியாம்.

நான் நினைப்பது சரியாக இருந்தால் நீதான் கையெழுத்துப் போட வேண்டும். யாருடைய தப்பு சின்னது என்று பார்க்காதே. அவனுக்கு எந்த அடி சின்னது என்று பார்.

சுண்டு


பிப்ரவரி 27

சுண்டு,

ஏழு மாதம். இரண்டு ஆபரேஷன். ஒரு வருஷம் படிப்பு போனது. நீ கேட்ட பிறகுதான் கணக்குப் பார்த்தேன்.

உனக்குப் பதில் எழுதாமல் நான்கு நாள் இழுத்தடித்தேன். நேற்று வாலுவிடமே கேட்டுவிட்டேன். அவனிடம் அந்த நாளைப் பற்றி நான் ஒருமுறைகூடக் கேட்டதில்லை என்பது கேட்கும்போதுதான் தெரிந்தது. சின்ன வயசில் இரண்டு தடவை விழுந்தேன் என்று சொல்லிப் பார்த்திருக்கிறான். நாம் எல்லோரும் சிரித்தோமாம். அதற்குப் பிறகு சொல்வதை நிறுத்திவிட்டான். மணலில் விழுந்தது நன்றாக ஞாபகம் இருக்கிறதாம், வாயெல்லாம் மண், மேலே வானம். தொட்டியில் விழுந்ததில் வலி மட்டும்தான் ஞாபகம்.

பிறகு, பதினொன்று பத்துக்கு நின்றுபோகும்போது என்ன ஆகிறது என்று கேட்டேன். "விழுந்துட்டே இருக்கேன்க்கா. தரை வரவே மாட்டேங்குது" என்றான்.

சுண்டு, நாற்பத்தாறு நிமிடம். தினமும் நாற்பத்தாறு நிமிடம் என் பிள்ளை மாதிரி வளர்த்தவன் விழுந்துகொண்டிருக்கிறான், நாம் எந்தத் தரை என்று வழக்காடிக்கொண்டிருக்கிறோம். நீ சொன்னதுதான் சரி. நாளைக்குப் போய்க் கையெழுத்துப் போடுகிறேன்.

போவதற்குமுன் இரண்டு விஷயம் சொல்ல வேண்டும், நாளைக்கு எனக்கு இவை தெரியாமல் போய்விடும்.

ஒன்று, எனக்குப் பயமாக இருக்கிறது. இரண்டு முறை கல்யாணப் பேச்சு வந்தது, இரண்டு முறையும் தம்பியைக் காரணம் சொல்லி வேண்டாம் என்றேன். தண்டனையாகத்தான் அப்படிச் செய்தேன். தப்பே செய்யாதவளாக நாளை எழுந்தால், இந்த வீட்டில் ஏன் உட்கார்ந்திருந்தேன் என்று எனக்கே புரியாது. ஏமாந்துவிட்டேன் என்று தோன்றினால் என்ன செய்வது?

இரண்டு, நாளையிலிருந்து எனக்கு நீ ஒருத்திதான் தப்பு செய்தவள். காற்றில் திறந்தது என்று நம்பிக்கொண்டிருந்த அக்காவாக இருப்பேன், உன் கடிதத்தைப் படித்துத்தான் எனக்கு உண்மை தெரியும். உன்னைப் போலவே நானும் செய்தேன் என்பது என் மனசில் இருக்காது. அப்போது நான் உன்னை என்ன சொல்வேனோ தெரியாது. நல்லவளாக எழுதுவேன் என்று இப்போது வாக்குக் கொடுத்தாலும் அதைக் காப்பாற்றப் போகிறவள் நான் இல்லை. தாங்கிக்கொள்.

கடிதங்களை எல்லாம் வரிசையாக அடுக்கி அலமாரியில் வைத்திருக்கிறேன். மேலே ஒரு சீட்டில், முழுவதும் படி என்று எனக்கே எழுதி வைத்திருக்கிறேன்.

அக்கா


மார்ச் 6

சுண்டு,

முதலில் வாலு. நிற்பது நின்றுவிட்டது. நிலையத்தில் சொன்னபடி பதினொன்று பத்துக்கு அவன் பக்கத்தில் கடிகாரத்தோடு உட்கார்ந்தேன். பதினொன்று பதினொன்று ஆனது. என்னக்கா என்னையே பார்க்கிறாய் என்று கேட்டுவிட்டுத் தட்டை எடுத்துக்கொண்டு கழுவப் போனான். நடையில் ஒரு சின்ன இழுப்பு இருக்கிறது, கவனித்துப் பார்த்தால்தான் தெரியும். எத்தனை தடவை விழுந்தாய் என்று கேட்டதற்கு, இது என்ன கேள்வி, ஒரு தடவைதான் என்றான். திங்கட்கிழமை வேலைக்குப் போகிறான்.

இனி நம் விஷயம். அலமாரியில் ஒரு கட்டுக் கடிதம் இருந்தது. என் பக்கத்துக் கடிதங்களில் இருப்பது என் கையெழுத்துத்தான், நான் மறுக்க முடியாது. ஆனால் அதில் எழுதியிருக்கும் தொடர்கதையும் தொட்டியும் எனக்கு யாரோ சொன்ன கதை மாதிரி இருக்கிறது. நான் குளித்துக்கொண்டிருந்தேன். தலையில் சோப்பு. வெளியே வந்தால் அவன் மணலில் கிடக்கிறான், நீ கதவைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாய். என் நாள் இதுதான், வேறு நாள் எனக்கு இல்லை.

உன் கடிதத்தைப் படித்தேன். ஒரு குடைக்காகவா? அவன் படியேறுவதைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தாய் என்று எழுதியிருக்கிறாய். ஒன்பது வயசுப் பிள்ளை. மணல் இல்லாமல் போயிருந்தால்? நான் அவனைத் தூக்கிக்கொண்டு ஓடும்போது பின்னாலேயே ஓடி வந்து, காற்று காற்று என்று சொன்னாயே, அந்தக் குரல் இன்னும் என் காதில் இருக்கிறது. அம்மா சாகும்வரை அந்தத் தாழ்ப்பாளைக் குறை சொல்லிக்கொண்டிருந்தாள். ஆளை வைத்து இரண்டு முறை மாற்றினாள். நீ பார்த்துக்கொண்டிருந்தாய். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அம்மாவிடம் முடியாவிட்டால் என்னிடம் சொல்லியிருக்கலாம். நான் என்ன உன்னைக் கடித்தா தின்றிருப்பேன்? சொல்லாமல் ஊரை விட்டுப் போய், எழுதாமல் இருந்து, இங்கே ஒருத்தி இருக்கிறாளா செத்தாளா என்றுகூடக் கேட்காமல் இருந்தாய். கெட்ட பெண் நீ. இரண்டு நாளாக விரிப்பு மடிக்கும்போதெல்லாம் உன்னைத் திட்டிக்கொண்டேதான் மடிக்கிறேன்.

கோபம் வரும் என்று முன்கூட்டியே ஒருத்தி எனக்காக எழுதி வைத்திருக்கிறாள். அவள் நல்லவளாக இருக்கிறாள். எனக்கு அவ்வளவு பெரிய மனசு இல்லை. நான் ஏன் இங்கேயே இருந்தேன் என்று தெரியாமல் போய்விடும் என்றும் பயந்திருக்கிறாள். அதை யோசித்துப் பார்த்தேன். எனக்கு வாலுவோடு இருக்கப் பிடித்திருந்தது, அதனால் இருந்தேன். வேறு காரணம் எதுவும் எனக்குத் தோன்றவில்லை.

கோபம் ஆறிவிட்டது என்று பொய் எழுத விருப்பமில்லை. உன்னை வா என்று கூப்பிட எனக்கு இன்னும் மனசு வரவில்லை. அவன் நன்றாக இருக்கிறான் என்று சொல்லத்தான் எழுதினேன்.

அக்கா


மார்ச் 9

அக்கா,

உன் கடிதம் மதியம் வந்தது. கடையில் எல்லோரும் சாப்பிடப் போன பிறகு படித்தேன். நான்கு தடவை படித்தேன். கெட்ட பெண் என்ற இடத்தில் அழுகை வந்துவிட்டது. முதலாளி திரும்பி வந்து பார்த்துவிட்டு, வீட்டில் கெட்ட செய்தியா என்று கேட்டார். இல்லை, அக்கா திட்டி எழுதியிருக்கிறாள் என்றேன். அதற்கா இப்படி அழுகிறாய் என்றார். அவருக்கு எப்படிச் சொல்வது?

பதினேழு வருஷம் ஒருத்தர்கூட என்னைத் திட்டவில்லை அக்கா. நீ திட்டினால் எப்படி இருக்கும் என்று எத்தனையோ தடவை நினைத்துப் பார்த்திருக்கிறேன். அதில் பாதிக்குக்கூட நீ வரவில்லை.

நீ கூப்பிடவில்லை என்பது தெரிகிறது. நான் சனிக்கிழமை காலை பஸ்ஸில் வருகிறேன். மிச்சம் இருப்பதை நேரில் திட்டு.

சுண்டு